நாலு வரிசைக்கு எத்தனை? 200 எல்இடியில் ஒரு டெட்ரிஸ் பலகை

பரணைச் சுத்தம் பண்ணும்போது பழைய பிரிக் கேம் ஒன்று கிடைத்தது, மேலிருந்து விழும் கட்டைகளை அடுக்கி, நிரம்பிய வரிசைகளை அழித்துப் புள்ளி சேர்க்கும் டெட்ரிஸை ஆடும் கருவி. தொண்ணூறுகளில் தெருவுக்கு நாலு பேர் கையில் இருந்த அதே சாம்பல் நிறக் கருவி, முகப்பில் "9999 இன் 1" என்ற எழுத்து, உள்ளே இரண்டு பென்சில் செல். செல்லைக் கழற்றாமல் வைத்துவிட்டதால் அது கசிந்து, ஸ்பிரிங் முழுக்கப் பச்சையும் வெள்ளையுமாகப் பூத்திருந்தது. எலுமிச்சைச் சாற்றைப் பஞ்சில் தொட்டுத் துடைத்து, பிறகு உப்புத்தாளால் லேசாகத் தேய்த்து, புது செல் போட்டதும் அந்தப் பழைய இசை வந்தது. திரையில் மட்டும் மூன்று பத்திகள் தெரியவில்லை. பின்பக்கம் ஆறு ஸ்க்ரூவையும் கழற்றிப் பார்த்தால், திரைக்கும் பலகைக்கும் நடுவே கோடு கோடாக இருக்கும் ரப்பர் பட்டையில் அழுக்கு ஏறியிருந்தது. ஐசோபுரோபைல் ஆல்கஹாலில் துடைத்து, பட்டையைச் சரியாக உட்கார வைத்து மூடினேன், மூன்று பத்திகளும் வந்துவிட்டன. ஆனால் கண்ணாடியின் மேல் மூலையில் மை கசிந்த மாதிரி ஒரு கரும்படலம் இருந்தது. அது திரைக்குள்ளேயே நடந்த கசிவு, அதைச் சரிசெய்ய வழியே இல்லை. ஒவ்வொரு நாளும் கொஞ்சம் கொஞ்சமாகப் பரவியது.

அது முழுக்க இருண்டு போவதற்குள் அக்கா வந்திருந்தாள். பத்து நிமிஷம் ஆடிவிட்டு, "நாலு வரிசை ஒண்ணா போனா ஆயிரத்து ஐநூறுடா, ஞாபகம் இருக்கா?" என்றாள். நான் ஆயிரத்து இருநூறு என்றேன். நான் சொன்னது நிண்டெண்டோ பதிப்பின் கணக்கு, அவள் சொன்னது இந்தக் கருவியின் கணக்கு, இரண்டு பேரும் ஒரே விளையாட்டைத்தான் ஆடினோம் என்று இத்தனை வருஷம் நினைத்திருக்கிறோம். "உன்னோடது வேற கேம்டா" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள். எனக்கு அந்த வார்த்தை மனசில் தங்கிவிட்டது, ஏனென்றால் பலகை அதே பத்துக்கு இருபது, கட்டைகள் அதே ஏழு, எண் மட்டும் வேறு. எண் மட்டும் மாறினால் விளையாட்டே மாறிவிடுமா?

அன்று இரவே உட்கார்ந்து கருவியில் அளந்தேன். ஒரு வரிசைக்கு 100, இரண்டுக்கு 300, மூன்றுக்கு 700, நாலுக்கு 1500. அக்கா சொன்னது சரி. வேகத்தைக் கூட்டி வைத்து ஆடினாலும் அதே எண்கள்தான், லெவலால் பெருக்கல் எதுவும் இல்லை. இது என் கையில் இருக்கும் கருவியின் கணக்கு. இந்த வகைக் கருவிகளைப் பலர் பல சிப் வைத்துச் செய்தார்கள், உங்கள் வீட்டில் இருப்பது வேறு மாதிரி எண்ணலாம்.

அப்புறம்தான் பலகை செய்யும் எண்ணம் வந்தது. ஒரே பலகை, ஒரு சுவிட்ச், சுவிட்சைத் திருப்பினால் கணக்கு மாற வேண்டும். கணக்கு மாறும்போது ஆட்டம் என்ன ஆகிறது என்று கையால் உணர வேண்டும்.

பொருட்களை ரிச்சி ஸ்ட்ரீட்டில் வாங்கினேன். மீட்டருக்கு 30 விளக்கு உள்ள டபிள்யூஎஸ்2812பி எல்இடி பட்டை, ஐந்து மீட்டர் சுருள் இரண்டு. ஒரு விளக்குக்கும் அடுத்ததுக்கும் 33 மில்லிமீட்டர் சொச்சம் வருகிறது, ஆக பத்துக்கு இருபது என்றால் பலகை ஏறக்குறைய 33 செ.மீ. அகலம், 67 செ.மீ. உயரம். சுவரில் மாட்ட அருமையான அளவு. 6 மி.மீ. ப்ளைவுட்டில் பட்டைகளை ஒட்டி, மேலே ஃபோம் ஷீட்டைக் கட்டம் கட்டமாக வெட்டி வைத்து, அதற்கு மேல் பட்டர் பேப்பர். மூளைக்கு ஆர்டுயினோ யூனோ என்ற சின்னக் கணினிப் பலகை, ஸ்கோர் காட்ட மேக்ஸ்7219 வைத்த எட்டு இலக்க செவன் செக்மெண்ட், ஆர்கேட் பொத்தான் ஆறு, நாலு நிலை ரோட்டரி சுவிட்ச் ஒன்று.

மின்சாரத்தை முதலிலேயே யோசித்துக்கொள்ளுங்கள். ஒரு விளக்கு முழு வெள்ளையில் 60 மில்லிஆம்ப் வரை இழுக்கும், 200 விளக்கு என்றால் 12 ஆம்பியர். நான் வெள்ளையே காட்டுவதில்லை, ஒளியும் 255-க்கு 40 தான், ஆகையால் 5 வோல்ட் 10 ஆம்பியர் எஸ்எம்பிஎஸ் மின்பெட்டி தாராளமாகப் போதும். ஆனால் மின்சாரத்தை ஒரு முனையில் மட்டும் கொடுத்தால் மறுமுனை விளக்குகள் மங்கிச் சிவந்து போகும். ஐந்து வரிசைக்கு ஒரு இடம் என்று நாலு இடத்தில் கொடுத்தேன். நுழைவில் 1000 மைக்ரோஃபாரட் கெபாசிட்டர், டேட்டா வயரில் 470 ஓம் ரெசிஸ்டர்.

முதல் முறை போட்டபோது 73 விளக்குகள் எரிந்தன, அதற்குப் பிறகு எல்லாம் இருட்டு. இந்தப் பட்டையில் ஒவ்வொரு விளக்கும் தன் பங்கை எடுத்துக்கொண்டு மிச்சத்தை அடுத்ததுக்குத் தள்ளும், நடுவில் ஒன்று செத்தால் பின்னால் இருப்பவை எதற்கும் செய்தி போகாது. 74-வதை வெட்டி எடுத்து, மிச்சச் சுருளிலிருந்து ஒன்றை வைத்து சால்டர் பண்ணினேன். அந்தச் செம்புத் தடத்தில் அதிக நேரம் சூடு வைத்தால் உரிந்து வந்துவிடும், இரண்டு நொடிக்குள் முடித்துவிடுங்கள். பட்டையைப் பாம்பு மாதிரி வளைத்து ஒட்டியிருப்பதால் ஒரு வரிசை இடமிருந்து வலம், அடுத்தது வலமிருந்து இடம் என்று போகும். இதை நிரலில் ஒரு சின்ன ஃபங்ஷனில் அடக்கிவிட்டேன்.

சரி, இனி விளையாட்டு. எந்தப் பதிப்பை அடிப்படையாக எடுப்பது? 1984-ல் மாஸ்கோவில், சோவியத் அறிவியல் கழகத்தின் கணினி மையத்தில் அலெக்ஸி பஜித்னோவ் எழுதிய முதல் வடிவம் எலெக்ட்ரோனிகா 60 என்ற கணினியில் ஓடியது. அதில் படம் வரையும் வசதியே கிடையாது, அடைப்புக்குறிகளை அடுக்கித்தான் கட்டைகளைக் காட்டினார். அப்போது 16 வயதுப் பையனாக இருந்த வதீம் கெராசிமோவ் அதை ஐபிஎம் பிசிக்கு மாற்றினார். அங்கிருந்து எத்தனையோ பதிப்புகள் கிளைத்தன. நான் எடுத்தது 1989-ல் நிண்டெண்டோ தன் என்இஎஸ் என்ற வீடியோ கேம் பெட்டிக்கு வெளியிட்ட பதிப்பு. உலகப் போட்டிகள் இன்னும் அதில்தான் நடக்கின்றன, அதன் உள்வேலையை ஆர்வலர்கள் பிரித்து மேய்ந்து எழுதி வைத்திருக்கிறார்கள், ஆகையால் ஃப்ரேம் (திரையில் ஒரு படம் மாறும் நேரம்) கணக்கு வரை எல்லாம் தெரியும்.

அந்தப் பெட்டி நொடிக்கு 60.1 ஃப்ரேம் ஓடும். லெவல் 0-ல் ஒரு கட்டை ஒரு படி இறங்க 48 ஃப்ரேம். லெவல் 8-ல் 8 ஃப்ரேம், 9-ல் 6, 18-ல் 3, 19-ல் 2, 29-ல் 1. லெவல் 29-ல் மேலிருந்து அடிவரை வர நொடியில் மூன்றில் ஒரு பங்குதான் ஆகும். பக்கவாட்டுப் பொத்தானை அழுத்திப் பிடித்தால் முதல் நகர்வுக்குப் பிறகு 16 ஃப்ரேம் காத்திருந்து, அப்புறம் 6 ஃப்ரேமுக்கு ஒருமுறை நகரும். இந்த 16, 6 இரண்டையும் துல்லியமாக வைக்காவிட்டால் பழகிய கைக்கு உடனே தெரிந்துவிடும்.

இங்கேதான் இரண்டு நாள் போனது. லெவல் 0-ல் ஒரு கட்டை அடிக்கு வர 16 நொடி ஆக வேண்டும், என் பலகையில் 21 நொடி ஆனது. போனில் வீடியோ எடுத்து, நகர்த்தி நகர்த்தி எண்ணிப் பார்த்தேன், 21 தான். நிரலில் மில்லிசெகண்ட் கணக்கு சரியாக இருந்தது. விஷயம் என்னவென்றால், ஒரு விளக்குக்குச் செய்தி அனுப்ப 30 மைக்ரோசெகண்ட், 200 விளக்குக்கு 6 மில்லிசெகண்ட், இந்த நேரம் முழுக்க எல்இடியை இயக்கும் ஆயத்த நிரல் நூலகம் இண்டரப்டுகளை (நடக்கும் வேலையை விட்டுவிட்டு இதைக் கவனி என்று சிப்புக்கு வரும் சைகைகள்) நிறுத்தி வைக்கிறது. யூனோவின் மில்லிசெகண்ட் கடிகாரமோ 1.024 மில்லிசெகண்டுக்கு ஒரு இண்டரப்டை எண்ணித்தான் ஓடுகிறது. நிறுத்தி வைத்த நேரத்தில் வந்தவற்றில் ஒன்றுதான் காத்திருக்கும், மற்ற நாலைந்தும் போயே போய்விடும். ஆக ஒவ்வொரு ஃப்ரேமிலும் கடிகாரம் 5 மில்லிசெகண்ட் பின்தங்கியது. 16.6 என்று நான் நினைத்தது உண்மையில் 21 சொச்சம்.

மருந்து சுலபம். மில்லிசெகண்டை நம்புவதை விட்டுவிட்டு, யூனோ சிப்பில் தனியாக எண்ணிக்கொண்டிருக்கும் டைமர் 1-ஐ எடுத்தேன். 16 மெகாஹெர்ட்ஸை 64-ஆல் வகுத்தால் நொடிக்கு 2,50,000 எண்ணிக்கை, அதில் 4160-க்கு ஒருமுறை இண்டரப்ட் வைத்தால் நொடிக்கு 60.1 ஃப்ரேம் கிடைக்கும் (பதிவேட்டில் 4159 என்று போட வேண்டும், பூஜ்யத்திலிருந்து எண்ணுவதால்). ஃப்ரேமுக்கு ஃப்ரேம் 16.6 மில்லிசெகண்ட் இடைவெளி இருப்பதால், 6 மில்லிசெகண்ட் கதவடைத்தாலும் ஒரு இண்டரப்ட்தான் காத்திருக்கும், எதுவும் தொலையாது. மறுபடி வீடியோ எடுத்தேன், 16 நொடி. இந்தப் பட்டையை வைத்து நேரம் முக்கியமான எதைச் செய்கிறவர்களும் இதை ஞாபகம் வைத்துக்கொள்ள வேண்டும் என்று நினைக்கிறேன், ஏனென்றால் பிழை எங்கேயும் பிழையாகத் தெரியாது, எல்லாம் கொஞ்சம் சோம்பலாக ஓடும், அவ்வளவுதான்.

இனி ஸ்கோர். 1989 பதிப்பில் ஒரு வரிசைக்கு 40, இரண்டுக்கு 100, மூன்றுக்கு 300, நாலுக்கு 1200. இதை லெவலோடு ஒன்றைக் கூட்டிப் பெருக்க வேண்டும். லெவல் 0-ல் நாலு வரிசைக்கு 1200 என்றால் லெவல் 18-ல் 1200 × 19 = 22,800. அதே வருஷம் வந்த கேம் பாயிலும் இதே நாலு எண்கள்தான், பலகை மட்டும் 18 வரிசை உயரம்.

பெருக்கல் என்று நான் சொல்கிறேன், அந்தப் பெட்டி பெருக்குவதில்லை. அதிலுள்ள 6502 குடும்பத்து சிப்புக்குப் பெருக்கும் கட்டளையே கிடையாது. ஸ்கோரைத் திரையில் காட்டச் சுலபமாக இருக்கட்டும் என்று ஒவ்வொரு தசம இலக்கத்தையும் நாலு பிட்டில் வைத்திருக்கிறார்கள், அந்த முறையில் கூட்டும் வசதியும் அந்த சிப்பில் எடுக்கப்பட்டுவிட்டது. ஆகையால் 40-ஐயோ 1200-ஐயோ லெவல் + 1 தடவை திரும்பத் திரும்பக் கூட்டி, ஒவ்வொரு தடவையும் இலக்கம் இலக்கமாகச் சரிசெய்கிறது. லெவல் 5-ல் இது ஒன்றும் பெரிதில்லை. லெவல் 150-ஐத் தாண்டினால் ஒரு ஃப்ரேம் நேரத்துக்குள் கூட்டி முடிக்க முடியாமல் போய், நடுவில் அடுத்த ஃப்ரேமின் இண்டரப்ட் வந்து விழுந்து, விளையாட்டே உறைந்துவிடும். 2023 டிசம்பர் 21 அன்று ப்ளூ ஸ்கூட்டி என்ற பெயரில் ஆடும் 13 வயது அமெரிக்கப் பையன் லெவல் 157 வரை போய் அந்த உறைநிலையைக் கண்டான், ஒரு மனிதன் அங்கே போய்ச் சேர்ந்தது அதுதான் முதல் முறை. 34 வருஷம் யாரும் முடிக்காத விளையாட்டை முடித்து வைத்தது ஸ்கோரைக் கூட்டும் அந்தச் சின்னச் சுற்றுதான் என்பதை யோசித்தால் எனக்கு இன்னும் சிலிர்க்கிறது.

நான் அந்தச் சுற்றை அப்படியே எழுதவில்லை, பெருக்கிக்கொண்டேன். ஆனால் லெவல் ஏறும் கணக்கை மட்டும் பழைய முறைப்படியே எழுதினேன். பத்து வரிசைக்கு ஒரு லெவல் என்ற கணக்கில், லெவல் 18-ல் தொடங்கினால் 190 வரிசை அழித்தால்தான் 19 வரும் என்று எதிர்பார்ப்போம், உண்மையில் 130-லேயே வந்துவிடும். ஏன் 130? வரிசை எண்ணிக்கையும் அதே இலக்கத்துக்கு நாலு பிட் முறையில் இருக்கிறது, கடைசி இலக்கத்தை நீக்கினால் 13 என்று நிற்கும், அதைச் சாதாரண பைனரி எண்ணாக நினைத்து லெவலோடு ஒப்பிடுகிறது. பதினாறின் அடியில் 13 என்பது 16 + 3 = 19. 18-ஐ விடப் பெரிது, லெவல் ஏறு! 12-ஆக இருந்தால் அது 18, பெரிதில்லை, இன்னும் பொறு. இந்த ஒரு குழப்பத்தால்தான் போட்டி ஆட்டக்காரர்கள் எல்லாருடைய மனசிலும் 130 என்ற எண் பதிந்திருக்கிறது. சூத்திரமாக மாற்றி எழுதுவதைவிட அந்த ஒப்பீட்டையே எழுதிவிட்டால் எந்தத் தொடக்க லெவலுக்கும் தானாகச் சரியாக வருகிறது, இரண்டு வரி நிரல்தான்.

சோதிப்பதற்குக் காகிதத்தில் ஒரு கணக்கு போட்டுக்கொண்டேன். லெவல் 18-ல் தொடங்கி, நாலு நாலு வரிசையாக மட்டுமே அழித்துக்கொண்டு போனால் எத்தனையாவது தடவையில் 9,99,999 தொடும்? பெட்டியின் ஸ்கோர் ஆறு இலக்கம்தான், அதற்கு மேல் ஏறாமல் அங்கேயே நிற்கும். முதல் 32 தடவை தலா 22,800, மொத்தம் 7,29,600. 33-வது தடவை வரிசை 132 ஆகி லெவல் 19 வந்துவிடுவதால் அதற்கு 24,000. இப்படியே போனால் 42-வது முடியும்போது 9,88,800, 43-வது தடவை 10,17,600. ஆக 43. கணினியிலிருந்து சீரியல் வயர் வழியாக "4" என்ற எண்ணை 43 தடவை அனுப்பி, இலக்க வரம்பை எடுத்துவிட்டு ஓட்டினேன். 10,11,600 வந்தது. சரியாக 6,000 குறைவு.

6,000 என்பது ஐந்து 1200. வழியில் 18-லிருந்து 23 வரை ஐந்து தடவை லெவல் ஏறுகிறது. அப்போதே புரிந்துவிட்டது, நான் முதலில் ஸ்கோரைக் கூட்டிவிட்டுப் பிறகு லெவலை ஏற்றுகிறேன், 1989 பதிப்பு முதலில் லெவலை ஏற்றிவிட்டுப் பிறகு கூட்டுகிறது. லெவலைத் தாண்ட வைக்கும் அந்த அழிப்புக்குப் புது லெவலின் விலை கிடைக்கும். இரண்டு வரிகளை இடம் மாற்றினேன், 10,17,600.

அடுத்தது இன்னும் மோசம். அதே சோதனையை லெவல் 29 வரை நீட்டி, இந்தத் தடவை ஆறு இலக்க வரம்போடு ஓட்டினால், 9,99,999-ல் நின்றுகொண்டிருந்த ஸ்கோர் 53-வது தடவையில் 9,68,063-க்கு இறங்கியது! ஸ்கோர் இறங்கும் டெட்ரிஸை யாரும் பார்த்திருக்க மாட்டார்கள். யூனோவில் சாதாரண முழு எண் 16 பிட், 32,767 வரைதான் பிடிக்கும். லெவல் 26-ல் 1200 × 27 = 32,400, மயிரிழையில் தப்பிக்கிறது. 27-ல் 1200 × 28 = 33,600, நிரம்பி வழிந்து மைனஸ் 31,936 ஆகிவிடுகிறது. ஸ்கோரை 32 பிட்டில்தான் வைத்திருந்தேன், ஆனால் பெருக்கல் நடப்பது 16 பிட்டில், பிறகுதான் பெரிய பாத்திரத்தில் ஊற்றுகிறது. 1200-க்குப் பின்னால் ஒரு எல் எழுத்தைச் சேர்த்ததும் (பெருக்கலையும் 32 பிட்டில் செய் என்று அதற்கு அர்த்தம்) சரியாகிவிட்டது. கையால் ஆடி நான் லெவல் 27-ஐத் தொடப் போவதில்லை, ஆகையால் இந்தச் சோதனை இல்லாமல் இருந்தால் பிழை அங்கேயே காலத்துக்கும் உட்கார்ந்திருக்கும்.

கீழ்ப் பொத்தானை அழுத்திக் கட்டையை இறக்கினால் கிடைக்கும் சில்லறைப் புள்ளியிலும் ஒரு நுணுக்கம் இருக்கிறது. கட்டை தரையில் அமரும்வரை விடாமல் அழுத்தியிருந்த படிகளுக்குத்தான் புள்ளி. நடுவில் விரலை எடுத்தால் எண்ணிக்கை பூஜ்யத்துக்குப் போய்விடும். அதையும் அப்படியே வைத்தேன்.

இப்போது சுவிட்ச். முதல் நிலை 1989, இரண்டாவது அக்காவின் பிரிக் கேம், மூன்றாவது இன்றைய போன், கணினிப் பதிப்புகள் பின்பற்றும் கைட்லைன் கணக்கு. கைட்லைனில் 100, 300, 500, 800, லெவலால் பெருக்க வேண்டும். வரிசைக்கு வரிசை வகுத்துப் பார்த்தபோதுதான் மூன்றுக்கும் உள்ள குணம் தெரிந்தது. 1989-ல் தனி வரிசைக்கு 40, நாலாகச் சேர்ந்தால் வரிசைக்கு 300, அதாவது ஏழரை மடங்கு. பிரிக் கேமில் 100-க்கு 375, மூன்றே முக்கால் மடங்கு. கைட்லைனில் 100-க்கு 200, வெறும் இரண்டு மடங்கு.

என் நிஜ ஆட்டம் ஒன்றைப் பதிவு செய்து மூன்றிலும் ஓட்டினேன். சரியாக 100 வரிசை: தனி 26, இரட்டை 11, மூன்று 4, நாலு 10. லெவல் பெருக்கலை விட்டுவிட்டுப் பார்த்தால் 1989-ல் 15,340, அதில் 12,000 அந்தப் பத்து நாலு-வரிசைகளால் வந்தது, நூற்றுக்கு 78. பிரிக் கேமில் 23,700-ல் 15,000, நூற்றுக்கு 63. கைட்லைனில் 15,900-ல் 8,000, பாதி. வரிசைகளில் அவற்றின் பங்கு நூற்றுக்கு 40 தான் என்பதை நினைவில் வைத்துக்கொண்டு இந்த மூன்று எண்களையும் பாருங்கள். 1989 பதிப்பு உங்களிடம் சொல்வது, "வலப்பக்கம் ஒரு பத்தியைத் திறந்தே வை, நீளக் கட்டை வரும்வரை பொறு, அதுவரை நீ அழிக்கும் ஒவ்வொரு வரிசையும் வீண்." பிரிக் கேம், "முடிந்தால் பொறு, முடியாவிட்டால் மூன்று அழி, பரவாயில்லை" என்கிறது. சின்ன வயசில் அக்கா மூன்று வரிசை அழித்துவிட்டுச் சந்தோஷப்பட்டதற்கும், நான் அதையே நஷ்டமாக நினைத்ததற்கும் காரணம் எங்கள் குணம் இல்லை, 700-க்கும் 300-க்கும் உள்ள வித்தியாசம்.

கைட்லைன் நிலை மட்டும் முதலில் சப்பென்று இருந்தது. எண்ணை மட்டும் மாற்றினால் அந்தப் பதிப்பு வந்துவிடாது என்று ஆடிப் பார்த்த பிறகுதான் உறைத்தது. அதில் பெரிய பணம் டி-ஸ்பினில் இருக்கிறது: டி வடிவக் கட்டையைக் கடைசி நொடியில் சுழற்றி இடுக்குக்குள் செருகி இரண்டு வரிசை அழித்தால் 1200, மூன்று அழித்தால் 1600. இரண்டு அழிக்கும்போது வரிசைக்கு 600, நாலு-வரிசையை விட மூன்று மடங்கு. இடையில் சாதாரணமாக ஒன்று, இரண்டு, மூன்று வரிசை எதுவும் அழிக்காமல் நாலு-வரிசை, டி-ஸ்பின் அழிப்புகளை அடுத்தடுத்துச் செய்தால் ஒன்றரை மடங்கு, தொடர்ந்து அழித்துக்கொண்டே போனால் காம்போவுக்குத் தலா 50, கட்டையை ஒரே அடியில் கீழே போடும் ஹார்ட் டிராப்புக்குப் படிக்கு 2. ஆனால் 1989 பதிப்பில் கட்டை சுவரிலோ மற்ற கட்டையிலோ இடித்தால் சுழலவே சுழலாது. கைட்லைனில் இடித்தால் பக்கத்தில் நகர்த்தி இன்னும் நாலு இடங்களை முயன்று பார்க்கும், தரை தொட்ட பிறகும் அரை நொடி நகர்த்தவிடும். அந்தச் சுழற்சி முறை இல்லாமல் அந்த ஸ்கோர் அட்டவணை வெறும் காகிதம். ஆக சுழற்சிக்கு இன்னொரு அட்டவணை எழுத வேண்டியதாயிற்று, இடித்தால் நகர வேண்டிய அளவுகள் மட்டும் ஒரு பக்கம் நிறைந்தன.

கட்டைகள் வரும் முறையும் அப்படியே. 1989-ல் எட்டு முகப் பகடை உருட்டுகிற மாதிரி, ஏழு முகத்தில் கட்டை, எட்டாவது வெறும் முகம். வெறும் முகமோ முந்தைய கட்டையோ வந்தால் ஏழு முகப் பகடையை ஒரே ஒரு முறை உருட்டி, வந்ததை எடுத்துக்கொள்ளும். இதனால் அதே கட்டை மறுபடி வரும் வாய்ப்பு 28-ல் ஒன்றுதான், ஆனால் நீளக் கட்டை எவ்வளவு நேரம் வராமல் இருக்கலாம் என்பதற்கு எல்லையே இல்லை. கைட்லைனில் ஏழையும் பையில் போட்டுக் குலுக்கி ஒவ்வொன்றாக எடுத்து, தீர்ந்ததும் புதுப் பை. இரண்டு நீளக் கட்டைக்கு நடுவே அதிகபட்சம் 12 மற்ற கட்டைகள், அதற்கு மேல் போகாது. 1989-ன் 1200 அத்தனை பெரிய எண்ணாக இருப்பது நியாயம்தான் என்று இதை எழுதும்போது தோன்றியது, வருமோ வராதோ தெரியாத கட்டைக்காகக் கழுத்து வரை அடுக்கிக்கொண்டு காத்திருப்பதற்கான கூலி அது.

நாலாவது நிலைக்கு என்ன வைப்பது என்று இரண்டு முயன்றேன். ஒன்று, யூனிக்ஸ் டெர்மினலில் ஆடும் பிஎஸ்டி டெட்ரிஸ். அதில் வரிசை அழித்தால் ஒரு புள்ளிகூடக் கிடையாது! அமர வைத்த ஒவ்வொரு கட்டைக்கும் ஒன்று, பொத்தானை அழுத்திக் கீழே போட்டால் விழுந்த ஒவ்வொரு படிக்கும் ஒன்று, கடைசியில் லெவலால் பெருக்கல். வரிசை அழிப்பது உயிரோடு இருப்பதற்கு மட்டும். இரண்டு நாள் ஆடினேன், பலகையைத் தாழ்வாக வைத்துக்கொண்டு மேலிருந்து தொப் தொப்பென்று போடுவதிலேயே கை போகிறது, அடுக்கும் ஆசையே வரவில்லை.

இன்னொன்று, 1998-ல் அரிகா நிறுவனம் ஆர்கேடுக்குச் செய்த கிராண்ட் மாஸ்டர் பதிப்பு. அதில் ஒவ்வொரு கட்டைக்கும் ஒவ்வொரு வரிசைக்கும் லெவல் ஒன்று ஏறும். லெவலோடு அழித்த வரிசையைக் கூட்டி நாலால் வகுத்து மேல்நோக்கி முழுமையாக்கி, அதை வரிசையாலும் காம்போவாலும் பெருக்க வேண்டும், பலகை முழுக்கக் காலியானால் இன்னும் நாலு மடங்கு. லெவல் 200-ல், கீழ்ப் பொத்தானைத் தொடாமல், தனி வரிசைக்கு 51, நாலு வரிசைக்கு 51 × 4 × 7 = 1428 (7 என்பது நாலு வரிசை ஒன்றாகப் போகும்போது வரும் காம்போ). வரிசைக்கு ஏழு மடங்கு, கிட்டத்தட்ட 1989-ன் அதே குணம். இதையே நாலாவதில் வைத்துவிட்டேன்.

போன ஞாயிறு அக்கா வந்து சுவரில் இருந்த பலகையைப் பார்த்துவிட்டு, கேட்காமலே சுவிட்சை இரண்டாவது நிலைக்குத் திருப்பினாள். அரை மணி நேரத்தில் 41,600. பிறகு நான் முதல் நிலைக்கு மாற்றிக் கொடுத்தேன். முதல் ஐந்து நிமிஷம் மூன்று மூன்றாகவே அழித்தாள், ஸ்கோர் நகரவே இல்லை. "என்னடா, மூணு வரிசைக்கு முந்நூறுதான் தர்றான்?" என்றவள், அப்புறம் வலப்பக்கப் பத்தியைத் திறந்து வைக்க ஆரம்பித்தாள். நான் எதுவும் சொல்லவில்லை. எஸ் கட்டையை எங்கே வைப்பது என்று தயங்கித் தயங்கி, பத்து வரிசை உயரத்துக்கு அடுக்கி, நீளக் கட்டை வந்ததும் இரண்டு பேரும் சேர்ந்து கத்தினோம்.

மிச்ச வேலை இருக்கிறது. டி-ஸ்பினின் சின்ன வடிவமான மினியை அடையாளம் காணும் விதி இன்னும் சில மூலைகளில் தவறுகிறது, 100 தர வேண்டிய இடத்தில் 400 தருகிறது. 1989 நிலையில் கட்டை அமர்ந்த உயரத்தைப் பொறுத்து அடுத்த கட்டை வர 10 முதல் 18 ஃப்ரேம் இடைவெளி மாற வேண்டும், நான் இப்போதைக்கு எல்லாவற்றுக்கும் 10 வைத்திருக்கிறேன். கரும்படலம் மூடிய பிரிக் கேம் பலகைக்குக் கீழே ஆணியில் தொங்குகிறது, இந்தத் தடவை செல்லைக் கழற்றிவிட்டேன்.